முள்ளில்லாத கரை

விசில்காரருக்கு ஐம்பத்திரண்டு வயது. அதில் இருபத்தாறு வருடம் ஒரே கடற்கரையில், ஒரே மரக்கூண்டில் உட்கார்ந்து, குளிக்க வருகிறவர்களைக் கண்ணில் எண்ணெய் விட்டுக்கொண்டு பார்த்தே கழிந்தது. சொந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டால், யாரையோ கூப்பிடுகிறார்கள் என்று அவர் பாட்டுக்கு இருப்பார். கழுத்தில் எந்நேரமும் ஒரு விசில் தொங்கியதால் ஊருக்கு அவர் விசில்காரர், வேண்டியவர்களுக்கு விசிலு. தண்ணீரிலிருந்து அவர் இழுத்துப் போட்ட உயிர்கள் முப்பதுக்கு மேல் இருக்கும். நின்று நன்றி சொன்னவர்கள் நாலைந்து பேர். மற்றவர்களெல்லாம், எங்களுக்கே நீந்தத் தெரியும், உன்னை யார் வரச் சொன்னது என்று இருமிக்கொண்டே சண்டை பிடித்தவர்கள். அதையெல்லாம் மனசில் வைத்துக்கொள்கிற ஆள் இல்லை அவர்.

ஆனால் சுத்தம் என்று வந்துவிட்டால் மனிதருக்குப் பித்துப் பிடித்துவிடும். கூண்டின் படிகளில் மணல் ஒட்டக்கூடாது என்று தினம் மூன்று வேளை பெருக்குவார். கடற்கரையில் உட்கார்ந்துகொண்டு மணலைப் பெருக்குகிற மனிதரை வேறெங்கும் பார்க்க முடியாது. ஆபத்துக்குச் சிவப்புக் கொடி, எச்சரிக்கைக்கு மஞ்சள் கொடி. வெயிலும் உப்பும் பட்டு நிறம் கொஞ்சம் வெளுத்தாலும் போதும், கழற்றி மடித்துத் தெற்கு முனையில் இருக்கிற சாயப்பட்டறைக்குக் கொண்டு போய்விடுவார். பட்டறையை நடத்துகிற அக்கா, பத்துப் பன்னிரண்டு பெண்களை வைத்துத் துணிக்குச் சாயம் ஏற்றுகிறவர், மற்ற வேலையை நிறுத்திவிட்டு முதலில் கொடியை முக்கி எடுத்துக் கொடுப்பார். "உன் கொடிய நம்பித்தான தம்பி ஜனங்க குளிக்குது" என்பார். இப்படிப் பதினைந்து வருடப் பழக்கம்.

மூன்று வருடத்துக்கு முந்தைய கோடையில் ஒரு நாள் வெளியூரிலிருந்து வந்த ஒரு பெண்மணி இடுப்பளவு தண்ணீரில் நடந்தபோது கடல் முள்ளெலியை மிதித்துவிட்டார். பெயரைக் கேட்டு எலி என்று நினைத்துவிட வேண்டாம். கரையில் இருப்பவர்கள் முள்ளுருண்டை என்பார்கள். கறுப்பு உருண்டை, சுற்றிலும் சாண் நீளத்துக்கு ஊசி முள். பாதத்தில் ஏறியதும் முள் உள்ளேயே ஒடிந்து தங்கிவிடும். விசில்காரர் சுடுதண்ணீரில் காலை ஊறவைத்து, ஒடிந்த முட்களை ஒவ்வொன்றாக எடுத்துக்கொண்டிருந்தபோது நகராட்சித் தலைவர் வந்து நின்றார். சுற்றி ஐம்பது பேர். தலைவர் ஊரே கேட்கிற மாதிரி, "கடலைப் பாத்துக்கன்னு உன்ன உக்கார வச்சா, நீ என்ன தூங்கிட்டா இருந்த?" என்றார். அந்தப் பெண்மணிகூட, பாவம், அவர் என்ன செய்வார் என்றுதான் சொன்னார். ஆனால் விசில்காரருக்கு முகத்தை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியவில்லை. இருபத்துமூன்று வருட வேலையில் அப்படி ஒரு சொல் அவர் வாங்கியதில்லை.

மறுநாளே ஆரம்பித்துவிட்டார். கட்டட வேலைக்குப் பயன்படுகிற கம்பியில் ஒரு பாகம் வெட்டி, நுனியைக் கூர் தீட்டி, பிடிக்குத் துணி சுற்றினார். குளிக்கிற இடத்தைச் சுற்றி மிதவைகள் கோத்த ஒரு கயிறு உண்டு. அந்தக் கயிற்றுக்கு உள்ளே இருந்த முள்ளுருண்டைகளை நாலே நாளில் தீர்த்துவிட்டார். தலைவர் வந்து பார்த்துவிட்டுத் தோளில் தட்டினார். கூண்டில் ஒரு கரும்பலகை மாட்டச் சொன்னார். அதில் "முள்ளில்லாத கரை" என்று பெரிய எழுத்து. அடியில், முள் குத்தாமல் போன நாட்களின் எண்ணிக்கை. தினமும் காலையில் பழைய எண்ணை அழித்துப் புதியதை எழுதுவது விசில்காரரின் வேலை. அந்தச் சுண்ணக்கட்டியை அவர் என்னவோ தங்கக்கட்டி மாதிரி டப்பாவில் போட்டு வைத்திருந்தார்.

இருபதாம் நாள் பார்த்தால், கயிற்றுக்கு உள்ளே மறுபடி மூன்று முள்ளுருண்டைகள். எங்கிருந்து வந்தன என்று தேடிக்கொண்டு போனார். கயிற்றிலிருந்து அறுபது எழுபது கை நீச்சல் தூரத்தில் பவளப்பாறை இருக்கிறது. குளிக்கிறவர்கள் யாரும் அங்கே போவதில்லை. அதன் பொந்துகளிலும் இடுக்குகளிலும் முள்ளுருண்டைகள் பகலெல்லாம் அடைந்து கிடந்தன. இருட்டியதும் வெளியே வந்து மேய்ந்துவிட்டு, விடிவதற்குள் தத்தம் பொந்துக்குத் திரும்பிவிடும் ஜீவன்கள் அவை. அதில் வழி தவறிய ஒன்றிரண்டுதான் கயிற்றுக்குள் வந்தன.

இங்கே அவர் திரும்பியிருக்க வேண்டும். ஒன்றிரண்டு வந்தால் வந்தபோது எடுத்துப் போட்டால் தீர்ந்தது விஷயம். ஆனால் பலகையில் எண் ஏறிக்கொண்டிருந்தது. ஊற்றையே அடைத்துவிட்டால் என்ன என்று அவருக்குத் தோன்றியது. ஊதிக் கெடுப்பதற்கென்றே சிலருக்கு மூளை வேலை செய்யும். அன்றைக்கு அவருக்குச் செய்தது.

அன்றிலிருந்து தினமும் விடிந்ததும், ஆட்கள் வருமுன் இரண்டு மணி நேரம், கம்பியோடு பாறைக்குப் போனார். இடுக்கில் கம்பியை விட்டு, பக்கவாட்டில் ஒரே குத்து. ஓடு சிதறினால் முள் தண்ணீரில் மிதந்து கரைக்கு வரும் என்று, உடையாதபடி குத்தப் பழகிக்கொண்டார். குத்தியதைப் பாறைக்கு அந்தப்புறம் இருந்த மணல் பள்ளத்தில் தள்ளிவிடுவார். மீன்களுக்கு ஒரே கொண்டாட்டம். கம்பி பாறையில் உரசுகிற சத்தம் கேட்டதுமே கூட்டமாக வந்து மொய்த்து, குத்துப்பட்ட துளை வழியாகச் சதையைக் கொத்தித் தின்னும். தன்னைப் பார்த்ததும் மீன்கள் ஓடி வருவது அவருக்கு ரொம்பப் பிடித்துப் போயிற்று. வீட்டில் மனைவியிடம்கூடப் பெருமையாகச் சொன்னார். இப்படியே பதினான்கு மாதம். ஒரு பொந்து, ஒரு இடுக்கு விடவில்லை. தெற்கு முனைப் பக்கம் மட்டும் போகவில்லை. சாயப்பட்டறையின் கால்வாய் கடலில் சேருகிற இடம் அது. தண்ணீர் ஊதா கலந்து மங்கலாக இருக்கும். அதில் தலையை முக்க அவருக்கு அருவருப்பு.

பலகையில் எண் நானூறைத் தாண்டியது. தலைவர் ஒரு விழா வைத்துச் சட்டம் போட்ட பாராட்டுப் பத்திரம் கொடுத்தார். அதை வீட்டில் வாசலுக்கு நேரே மாட்டினார் விசில்காரர்.

அடுத்த வருடம் பாறையில் பச்சையாகப் பாசி படர்ந்தது. பருவம் மாறினால் போய்விடும் என்று நினைத்தார். போகவில்லை. பச்சை பழுப்பாயிற்று, பழுப்பு நீண்டு, நனைந்த கம்பளி மாதிரி பாறை முழுக்கப் போர்த்திக்கொண்டது. பவளத்தின் ஓரங்கள் பாசிக்குள் புதைந்து வெளுத்தன. ஓடி வந்த மீன்களைக் காணோம். கம்பியை எவ்வளவு உரசினாலும் ஒன்றும் வரவில்லை. கம்பியைக் கூண்டின் கூரையில் செருகியவர் அதற்குப் பிறகு எடுக்கவில்லை. பாறைப் பக்கம் போவதையும் விட்டார். பார்க்காமல் இருந்தால் இல்லாமல் போய்விடும் என்று சின்னப் பிள்ளைகள் கண்ணை மூடிக்கொள்ளும் அல்லவா, அந்தக் காரியத்தை ஐம்பது வயதில் செய்தார்.

அடி விழுந்தது மச்சானுக்கு. மச்சான் என்றால் மனைவியின் அண்ணன். பாறை ஓரம் கம்பிக்கூடு இறக்கி மீன் பிடிக்கிறவர். முன்பெல்லாம் கூட்டைத் தூக்கினால் கிளிமீன் துள்ளும். இப்போது கூடு நிறையப் பாசிதான் வந்தது. ஆறு மாதம் பார்த்தார். ஒரு நாள் விசில்காரரின் கூண்டுக்கு வந்து, பாசி ஒட்டிய கையைத் துடைக்காமலே உட்கார்ந்தார்.

"மாப்ள, கண்டுபிடிச்சிட்டேன். எல்லாம் அந்தச் சாயத் தண்ணி பண்ற வேலை. பாறைய விஷம் வச்ச மாதிரி கொன்னுடுச்சு."

அதைக் கேட்டதும் விசில்காரருக்கு என்ன வந்தது தெரியுமா? நிம்மதி. ஒரு வாய் தண்ணீர் குடித்த மாதிரி நெஞ்சு குளிர்ந்தது. அந்த நிம்மதியை நினைத்துத்தான் பின்னாளில் அவர் அதிகம் கூசினார். குத்தியதுகூட அறியாமை. இது அப்படி இல்லை.

"இருக்கும் மச்சான்" என்றார்.

ஒரு வாரத்தில் மச்சான் மனு எழுதிக்கொண்டு வந்தார். சாயப்பட்டறையை மூட வேண்டும் என்று நாற்பது பேர் கையெழுத்து. அடியில் விசில்காரருக்கென்று தனியாக ஒரு பத்தி: கடலில் தினமும் இறங்குகிறவன் என்ற முறையில், சாய நீர் பாறை வரைக்கும் வந்து படிவதை நேரில் பார்த்தேன் என்று.

"எங்க நாப்பது பேர் கையெழுத்து ஒரு பக்கம், உன் ஒரு கையெழுத்து ஒரு பக்கம். நீ பாத்தேன்னு சொன்னா தலைவரே மறுபேச்சு பேச மாட்டாரு."

"நான் அந்தப் பக்கம் அவ்வளவா போறதில்லயே மச்சான்."

"போனாத்தானா? இங்கேருந்தே தெரியுதுல்ல. என் பொழப்பு போச்சு மாப்ள. உன் தங்கச்சி வீட்டுக்காரனா இருந்தா இதக்கூட செய்ய மாட்டியா?"

கேள்வியில் உறவுமுறை தாறுமாறாக இருந்தது. மச்சானின் தங்கைதான் விசில்காரரின் மனைவி. அவருக்குத் தங்கையே கிடையாது. இன்னொரு சமயமாக இருந்தால் இருவரும் சிரித்திருப்பார்கள். மச்சானின் கண் கலங்கியிருந்ததால் சிரிப்பு வரவில்லை. விசில்காரர் பேனாவை வாங்கினார். அன்று காற்றில் படபடத்துக்கொண்டிருந்த சிவப்புக் கொடி பத்து நாள் முன்புதான் பட்டறையிலிருந்து வந்திருந்தது. அக்கா அதன் ஓரத்தை மடித்துத் தைத்தும் கொடுத்திருந்தார். விசில்காரர் தலையைத் தூக்காமல் கையெழுத்துப் போட்டார்.

மனு மேலே போய், பாறையைப் பார்வையிட ஓர் ஆய்வாளர் அம்மா வந்தார். முப்பது வயதிருக்கும். சலசலவென்று பேசுகிற சுபாவம். தலைவர் துணைக்கு யாரை அனுப்புவார்? கடலை அறிந்தவர் என்று விசில்காரரைத்தான் அனுப்பினார்.

முதல் நாள் துடுப்புப் படகில் பாறைக்கு. அந்த அம்மா கையில் ஒரு மீட்டர் சதுரத்துக்கு ஒரு சட்டம். அதைப் பாறையில் பத்து இடத்தில் வைத்து, உள்ளே இருப்பதை எண்ணி, நீரில் எழுதக்கூடிய பலகையில் குறித்தார். மேலே வந்து மூச்சு வாங்கிக்கொண்டு, "அண்ணே, ஒரு முள்ளெலிகூட இல்ல. பத்துக்குப் பத்தும் பூஜ்யம்" என்றார்.

"அது இல்லாதது நல்லதுதான மேடம்?" என்றார் விசில்காரர். குரல் அவருக்கே வேறு யாருடையதோ போலக் கேட்டது.

"நல்லதா? பாறைக்கு மேய்ச்சல் மாடே அதுங்கதான். அடியில வாய், அஞ்சு பல்லு. ராவெல்லாம் பாசியச் சுரண்டித் தின்னும். அது சுரண்டி வச்ச வெத்துப் பாறையிலதான் பவளக் குஞ்சு வந்து ஒட்டும். மேய ஆளில்லன்னா பாசி ஏறிடும், குஞ்சு ஒட்ட இடம் இருக்காது. மீனும் போயிடும்."

விசில்காரர் துடுப்பைத் தள்ளிக்கொண்டிருந்தார்.

மறுநாள் அந்த அம்மா கால்வாய் முகத்துவாரத்தில் இறங்க வேண்டும் என்றார். தண்ணீர் அழுக்கு, தோல் அரிக்கும், ஒன்றும் தெரியாது என்று விசில்காரர் என்னென்னவோ சொல்லிப் பார்த்தார். அந்த அம்மா அதற்குள் கண்ணாடியை மாட்டிக்கொண்டு குதித்துவிட்டார். வேறு வழியில்லாமல் இவரும் மூக்கைச் சுளித்துக்கொண்டு பின்னால் இறங்கினார்.

மேலே ஒரு முழம் மங்கல். அதற்குக் கீழே தண்ணீர் தெளிந்திருந்தது. பாறை தெரிந்தது. துடைத்து வைத்த தரை மாதிரி சுத்தமாக இருந்தது. சுத்தத்தைப் பற்றி அவருக்கு யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை. ஒவ்வொரு இடுக்கிலும் முள்ளுருண்டைகள் நெருக்கியடித்துக்கொண்டு இருந்தன. அவர் நிழல் விழுந்ததும் அந்த முட்களெல்லாம் ஒரே சமயத்தில் அவர் பக்கம் திரும்பின. அந்த அம்மா ஒரு பெரிய உருண்டையின் அடியைக் காட்டினார். முட்களுக்கு நடுவில் பட்டாணி அளவில் குஞ்சுகள், தாய்வீட்டில் இருக்கிற மாதிரி ஒதுங்கியிருந்தன. அவற்றுக்கிடையே கண்ணாடி மாதிரி ஒரு சின்ன இறால். விரல்நகம் அளவுக்குச் சின்னச் சின்னப் பவளங்கள் பாறையெங்கும் முளை விட்டிருந்தன. விசில்காரர் இருபத்தாறு வருடம் கடலில் இறங்கியவர். குத்துவதற்கு அல்லாமல் ஒரு முள்ளுருண்டையை அவர் பார்த்தது அன்றுதான்.

மேலே வந்ததும் அந்த அம்மா தலையைப் பிய்த்துக்கொண்டார். "சாயத் தண்ணி நல்லதுன்னு நான் சொல்ல வரல. ஆனா அதுதான் பாறையக் கொன்னுச்சுன்னா, முதல்ல இங்கதான செத்திருக்கணும்? இங்க நல்லா இருக்கு, தள்ளி இருக்கிற பாறை போயிடுச்சு. இங்க மட்டும் இதுங்க எப்படிண்ணே தப்பிச்சுது?"

எப்படித் தப்பித்தன என்று உலகத்தில் ஒரே ஒருவருக்குத்தான் தெரியும். அவர், "தெரியலயே மேடம்" என்றார்.

திரும்பும் வழியில் அந்த அம்மா பாறைக்கு அந்தப்புறம் மணல் பள்ளத்தில் ஒரு முறை முங்கினார். வரும்போது கை நிறைய ஓடுகள். முள்ளெல்லாம் உதிர்ந்து, வெறும் கூடாக இருந்தன. ஓட்டில் வரிசையாகப் புள்ளிகள், பார்க்க அழகாகத்தான் இருந்தன. படகின் பலகையில் ஒவ்வொன்றாக அடுக்கினார். எல்லாவற்றிலும் பக்கவாட்டில் ஒரே அளவில், விரல் நுழைகிற மாதிரி ஒரு வட்டத் துளை.

"நோய் வந்து செத்தா ஓடு முழுசா இருக்கும். மீன் தின்னா நொறுங்கியிருக்கும். இது கம்பி. எவ்வளவு கச்சிதம் பாருங்க, ஒண்ணுகூட உடையல. செஞ்ச ஆளு ரொம்ப சுத்தமான வேலைக்காரராத்தான் இருக்கணும்."

அந்த அம்மா யாரையும் மனசில் வைத்துச் சொல்லவில்லை. விசில்காரருக்கு ஆயுளில் எத்தனையோ பாராட்டு கிடைத்திருக்கிறது. இது ஒன்றுதான் உடம்பு முழுக்க எரிந்தது. துடுப்புப் பிடித்த கையை எங்கே ஒளிப்பது என்று தெரியாமல், ஈரத்துண்டை எடுத்து மேலே போட்டுக்கொண்டார்.

"கொஞ்சம் மிச்சம் வச்சிருந்தாலும் தானா பெருகியிருக்காதா மேடம்?" என்று மெல்லக் கேட்டார்.

"பெருகாதுண்ணே. இதுங்க முட்டையையும் விந்தையும் தண்ணியிலதான் விடும். பக்கத்துல பக்கத்துல கூட்டமா இருந்தாத்தான் ரெண்டும் சேரும். அங்க ஒண்ணு, இங்க ஒண்ணு தனித்தனியா இருந்தா எல்லாம் தண்ணியோட போயிடும்."

அன்று மாலை வீட்டில் அவர் சாப்பாட்டில் கையை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். மனைவி எதிரில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தாள். அவளுக்கு அதிகம் பேசத் தெரியாது. பேசினால் ஆணி அடித்த மாதிரி இருக்கும்.

"அந்த மேடம் என்ன சொன்னாங்க?"

"என்னென்னவோ சொன்னாங்க."

"தெனம் காலைல கம்பிய எடுத்துட்டுப் போவீங்கள்ல. அதப் பத்தி ஏதாச்சும் சொன்னாங்களா?"

அவர் நிமிர்ந்து பார்த்தார். அவள் முகத்தில் கோபம் இல்லை. இருந்திருந்தால் பரவாயில்லை என்று பட்டது.

"உனக்கு எப்பலருந்து தெரியும்?"

"பாசி வந்தப்பவே சந்தேகம். எங்க அண்ணன் மனு எழுதுனப்ப நீங்க வேண்டாம்னு சொல்லுவீங்கன்னு பாத்தேன்." தட்டை அவர் பக்கம் நகர்த்தினாள். "அண்ணன்கிட்ட நீங்க சொல்றீங்களா, நான் சொல்லவா?"

"நானே சொல்றேன். நாளைக்கு மனு மேல நடக்கிற கூட்டத்துல எல்லார் முன்னாலயும் சொல்றேன்."

அவள் தலையை ஆட்டினாள். பிறகு எழுந்து போய்ச் சுவரில் இருந்த பாராட்டுப் பத்திரத்தைக் கழற்றி, அலமாரியில் துணிகளுக்கு அடியில் வைத்தாள்.

கூட்டம் நகராட்சிக் கூடத்தில். மடக்கு நாற்காலிகள் நிறைந்து, பின்னால் ஆட்கள் நின்றுகொண்டிருந்தார்கள். பட்டறை அக்கா முதல் வரிசை ஓரத்தில், விரல்களில் போகாத ஊதா நிறத்தோடு உட்கார்ந்திருந்தார். அவரோடு வேலை செய்கிற பெண்கள் சுவரோரம் நின்றார்கள். தலைவர் மனுவைப் படித்தார். கடைசிப் பத்தியைப் படித்துவிட்டு, "நேரில் பார்த்த சாட்சி, நம்ம விசில்காரர்" என்று சொன்னபோது, அக்கா ஒரு முறை திரும்பிப் பார்த்தார். அவ்வளவுதான். பிறகு முன்னால் பார்த்துக்கொண்டார்.

ஆய்வாளர் அம்மா எழுந்து, பாறையில் கண்டது, கால்வாயில் கண்டது, ஓட்டில் இருந்த துளை எல்லாவற்றையும் சொன்னார். யாரோ முள்ளெலிகளை மொத்தமாக அழித்திருக்கிறார்கள், அது யார் என்று தனக்குத் தெரியவில்லை என்று முடித்தார். கூடத்தில் சலசலப்பு. மச்சான், "மேடம் சொல்றது கதையா இருக்கு. அத்தனையையும் குத்த யாருக்கு வேலையில்ல?" என்றார்.

விசில்காரர் எழுந்தார். முன்னிருந்த நாற்காலியைப் பிடித்துக்கொண்டார்.

"எனக்குத்தான் மச்சான் வேலையில்ல" என்றார். "நான்தான் குத்தினேன். பதினாலு மாசம். கயித்துக்கு வெளிய போய்க் குத்தச் சொல்லி தலைவர் சொல்லல. பலகையில நம்பர் ஏறணும்னு நானாத்தான் பாறைக்குப் போனேன். அது பாறைக்கு வேணும்னு எனக்குத் தெரியாது. தண்ணி அழுக்கா இருக்குன்னு அந்தப் பக்கம் மட்டும் போகல. அக்கா பட்டறையால இல்ல, என்னாலதான் பாறை போச்சு. அந்தக் கையெழுத்து... அது தெரியாம போட்டுட்டேன். மன்னிச்சுக்கங்க."

மச்சான் முகத்தில் ஈயாடவில்லை. அவர் விசில்காரர் பக்கம் திரும்பி, "என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே மாப்ள. நான் ஒரு வருஷமா தூங்கல" என்றார். திட்டியிருந்தால்கூட விசில்காரர் தாங்கியிருப்பார்.

நிலைமையைச் சமாளித்தது தலைவர்தான். அவருக்கும் இதில் கை இருந்தது. பலகை அவர் போட்டது. தொண்டையைச் செருமிக்கொண்டு, "நம்ம ஆளு எதைச் செஞ்சாலும் முழுசா செய்வாரு, அது நமக்கெல்லாம் தெரிஞ்சதுதான்" என்றார். யாரோ சிரித்தார்கள். சிரிப்பு பரவியது. மனு தள்ளுபடி, பட்டறை நடக்கலாம், தண்ணீரை இன்னும் சுத்தமாக வடிகட்ட ஏற்பாடு செய்ய வேண்டும் என்று முடிவாயிற்று. கால்வாய்ப் பக்கம் இருக்கிற முள்ளெலிகளில் ஒரு பங்கை எடுத்து, பாறையில் நெருக்கமாக விட்டுப் பார்க்கலாம், பிழைக்கும் என்று உறுதி சொல்ல முடியாது, வருடக்கணக்காகும் என்றார் ஆய்வாளர் அம்மா. "எடுக்கிற வேலையை விசில்காரரே செய்யட்டும். குத்தின கைக்குக் குத்து வாங்கட்டும்" என்று பின்னாலிருந்து ஒருவர் சொல்ல, கூடமே கைதட்டியது. பக்கத்தில் இருந்தவர் அவர் முதுகில் தட்டி, "பெரிய மனசுங்க உங்களுக்கு, ஒத்துக்கிட்டீங்களே" என்றார்.

விசில்காரருக்கு மூச்சு இலேசாயிற்று. மாதக்கணக்காக நெஞ்சில் உட்கார்ந்திருந்தது இறங்கிவிட்டது போலிருந்தது. வெட்கமும் இருந்தது, அதோடு கொஞ்சம் பெருமையும் வந்தது. சொல்லிவிட்டோமே என்ற பெருமை. முகம் கழுவலாம் என்று கூடத்துக்கு வெளியே குழாயடிக்கு வந்தார். அங்கே பட்டறை அக்கா தண்ணீர் குடித்துவிட்டு நின்றுகொண்டிருந்தார்.

"அக்கா" என்றார் இவர். "என்னால உங்களுக்கு ரொம்பக் கஷ்டம்."

அக்கா முந்தானையால் வாயைத் துடைத்துக்கொண்டார். "முள்ளெலிய குத்துனது இருக்கட்டும் தம்பி. எனக்கும் அதப் பத்தித் தெரியாது. சாயத் தண்ணி பாறை வரைக்கும் வந்ததப் பாத்தேன்னு கையெழுத்துப் போட்டியே, அத தெரியாம போட்டேன்னு உள்ள சொன்ன. தெரியாமத்தான் போட்டியா?"

குழாயை விசில்காரர் திறந்து வைத்திருந்தார். தண்ணீர் கொட்டிக்கொண்டிருந்தது. சொல்வதற்கு நிறைய இருந்தது: மச்சானின் கண்ணீர், வீட்டு உறவு, குழப்பம், பயம். எல்லாம் வாய்வரை வந்தது. அக்காவின் முகத்தைப் பார்த்ததும் அத்தனையையும் விட்டுவிட்டார்.

"இல்லக்கா" என்றார். "தெரிஞ்சுதான் போட்டேன். நான் எதையும் பாக்கல. பாக்கலைன்னு தெரிஞ்சே போட்டேன். பட்டறை போயிட்டா இந்தப் பேச்சு முடிஞ்சுடும், யாரும் என்னக் கேக்க மாட்டாங்கன்னு நெனச்சேன்."

"போடும்போது என் மூஞ்சி ஞாபகம் வரலையா?"

"வந்துச்சு."

அக்கா குழாயை மூடினார். கோபப்பட்டதாகவும் தெரியவில்லை, மன்னித்ததாகவும் தெரியவில்லை. கூடத்தின் கதவைக் காட்டினார்.

"அத உள்ள போய்ச் சொல்லு. நாற்காலிய மடக்க ஆரம்பிச்சிட்டாங்க, சீக்கிரம் போ."

விசில்காரர் ஈர முகத்தைத் துடைக்காமலே திரும்பி நடந்தார். உள்ளே பாதிப் பேர் எழுந்துவிட்டிருந்தார்கள். மனைவி அவரைப் பார்த்ததும் கிளம்பலாமா என்று கையால் கேட்டாள். அவர் இல்லை என்று தலையாட்டிவிட்டு, மச்சான் நின்ற இடத்தைத் தாண்டி முன்னால் போய், எல்லோரையும் இன்னும் ஒரு நிமிடம் உட்காரச் சொன்னார்.